குடியிருந்த காலமும் காணி உறுதியும்

புசல்லாவை என்னும் பெயரைக் கேட்டவுடன், கம்பளையிலிருந்து நுவரெலியாவுக்கு ஏறும் பெருவீதியில் அமைந்த ஊரே பலர் நினைவில் எழும். உடப்புசல்லாவை அதனின் வேறானது. நுவரெலியாவுக்குக் கிழக்கே கந்தப்பளை, இராகலை ஆகிய ஊர்களைக் கடந்து, வலப்பனையின் வயல்களை நோக்கிச் சரியும் மலைச்சாரலே அது. இலங்கைத் தேயிலையின் ஏழு வட்டாரங்களில் ஒன்றாக உலகச் சந்தையில் அதற்குத் தனிப்பெயர் உண்டு. நானுஓயாவிலிருந்து இராகலை வரை அப்பகுதித் தோட்டங்களுக்கென்றே ஒரு சிறு புகையிரதப் பாதை 1903, 1904 ஆகிய ஆண்டுகளில் திறக்கப்பட்டது. உடப்புசல்லாவைப் பாதை என்றே அதற்குப் பெயர். 1948-ஆம் ஆண்டில் அது மூடப்பட்டது. தண்டவாளங்கள் பெயர்ந்தன, தேயிலை நின்றது, தேயிலையைக் கொய்தவர்களும் நின்றனர்.

மலைச்சாரலில் ஒருபுறம் கண்டிக் குடியானவரின் பழைய கிராமங்கள், மறுபுறம் டெல்மார், லிடிஸ்டேல், லக்கிலேண்ட் முதலிய பெயர்கள் தாங்கிய தோட்டங்களின் லயன்கள். இவ்விரு சாராரும் தலைமுறை தலைமுறையாக அங்கே குடியிருந்தவர்கள். ஆயினும், "நீர் குடியிருக்கும் காணி யாருடையது?" என்று சட்டம் வினவியபோது, இரு சாராரும் ஒரே இடர்ப்பாட்டில் அகப்பட்டனர். அவர்களிடம் இருந்தவை ஆண்டுகள்; சட்டம் கேட்டது பத்திரம். இவ்விரண்டுக்கும் இடையே நடந்த வழக்கின் வரலாறே இலங்கை மலைநாட்டுக் காணி வரலாற்றின் உயிர்நாடி.

நெடுங்காலம் ஒரு நிலத்தில் இருந்தவனுக்கு அந்நிலத்தில் ஏதோ ஓர் உரிமை பிறக்கிறது என்பது உலகெங்கும் ஒப்புக்கொள்ளப்பட்ட எண்ணம். இலங்கையில் 1871-ஆம் ஆண்டின் ஆட்சியுரிமைக் கட்டளைச் சட்டம், தனியாருக்கிடையே பத்து ஆண்டுக்கால இடையறாத ஆட்சியை உரிமைக்குப் போதுமானதாகக் கொண்டது. எனினும் அச்சட்டம் முடிக்குரிய உரிமைகளைத் தீண்டவில்லை. அரசுக்கு எதிராக ஒருவன் உரிமை கோர வேண்டுமானால், உரோம ஒல்லாந்தச் சட்டத்தின்படி ஒரு நூற்றாண்டின் மூன்றில் ஒரு பங்குக் காலம் அவன் நிலத்தை ஆண்டிருக்க வேண்டும். அதாவது அயலவனை எதிர்க்கப் பத்தாண்டு போதும். அரசை எதிர்க்க ஏறத்தாழ ஒரு தலைமுறைக் காலம் வேண்டும்.

இவ்வரலாற்றின் தொடக்கம் 1840-ஆம் ஆண்டின் 12-ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமாகும். முடிக்குரிய காணிகளில் அத்துமீறிப் புகுவதைத் தடுப்பதற்கென இயற்றப்பட்ட இச்சட்டம், காடுகளும், தரிசுகளும், பயிரிடப்படாத நிலங்களும், மாறாக நிறுவப்படும் வரை, முடிக்குரியனவே என்று ஊகித்துக்கொண்டது. கண்டி மாகாணங்களில் ஒருபடி மேலே சென்று, சேனைப் பயிர் செய்யும் நிலங்களையும் அவ்வாறே கொண்டது. சன்னஸ் என்னும் அரச சாசனத்தையோ, வரி செலுத்திய சான்றையோ காட்டினாலன்றிக் குடியானவனுக்கு அவற்றில் உரிமை இல்லையென்றாயிற்று. சேனை என்பது சில ஆண்டுகளுக்கு ஒருமுறை வெட்டி எரித்து விதைத்து, மீண்டும் காடாக விடப்படும் நிலம். பாட்டனும் தந்தையும் விதைத்த இடத்தை அடுத்த முறை விதைப்பதற்குப் பத்திரம் வேண்டுமென்று எந்தக் குடியானவன் நினைத்திருப்பான்?

ஆனால் அதே சட்டத்துக்கு மற்றொரு முகமும் உண்டு. அது பெரும்பாலும் மறக்கப்பட்டுவிட்டது. அரசாங்கக் காணியொன்றைப் பிடித்து, அதனைப் பயிரிட்டோ, மரம் வைத்தோ, வேறு வகையில் திருத்தியோ, பத்து ஆண்டுகளுக்குக் குறையாமலும் முப்பது ஆண்டுகளுக்கு மேற்படாமலும் இடையறாது ஆண்டுவந்தவன், அதன் திருத்தப்பட்ட பெறுமதியில் பாதியைச் செலுத்தினால், அரசாங்கத்திடமிருந்து அந்நிலத்துக்கான அளிப்பைப் பெறும் உரிமையுடையவன் என்று அச்சட்டத்தின் எட்டாம் பிரிவு கூறிற்று. பொதுத் தேவைக்கு அந்நிலம் வேண்டப்படின், அவனுக்கு ஈடு செலுத்தியே வெளியேற்றலாம். இதன் கருத்து ஆழ்ந்து நோக்கத்தக்கது. நிலத்தின் மதிப்பில் ஒரு பாதி மண்ணுக்கு உரியது, மறுபாதி உழைப்புக்கு உரியது. மண் அரசினுடையதாயினும் உழைப்பு குடியிருந்தவனுடையது என்று சட்டமே ஏற்றுக்கொண்டது.

அக்காலத்து உலகில் இவ்வெண்ணம் புதுமையானதன்று. அடுத்த ஆண்டாகிய 1841-இல் அமெரிக்க ஐக்கிய நாடுகளின் காங்கிரஸ், பொது நிலங்களில் முன்னரே குடியேறித் திருத்தியவர்களுக்கு, ஏலத்துக்கு முன்பே 160 ஏக்கர் வரை குறைந்த விலையில் வாங்கிக்கொள்ளும் முன்னுரிமையை வழங்கும் சட்டத்தை நிறைவேற்றியது. அந்நிலங்களில் அதற்கும் முன்னரே வாழ்ந்த ஆதிக்குடிகளின் உரிமையை அச்சட்டம் எண்ணிப் பார்க்கவில்லை என்பது வேறு கதை. உரிமை வழங்கும் சட்டமும் யாருடைய ஆண்டுகளைக் கணக்கில் எடுப்பது, யாருடைய ஆண்டுகளை விடுப்பது என்று தெரிந்தெடுத்தே வழங்குகிறது என்பதற்கு இதுவே சான்று.

இலங்கையிலும் அவ்வாறே நிகழ்ந்தது. 1840-ஆம் ஆண்டுச் சட்டத்தின் முதல் முகமே வேகமாகச் செயற்பட்டது. கோப்பிப் பயிரின் பெருக்கத்தால் மலைக்காடுகள் 1844 வரை ஏக்கர் ஐந்து ஷில்லிங் என்ற தொடக்க விலைக்கு விற்கப்பட்டன. அவ்வாண்டில் அது ஒரு பவுணாக உயர்த்தப்பட்டது. வாங்கியவர்களுள் அரசாங்க உத்தியோகத்தர்களே பலர் இருந்தனர். பணமும், நில அளவைப் படமும், பத்திரமும் உடையவர்க்குச் சட்டம் கதவைத் திறந்தது. சேனைக்காரனுக்கோ எட்டாம் பிரிவு ஏட்டளவில் இருந்ததேயன்றி, அதனைக் கோரி வழக்காடும் வழியும் பொருளும் பெரும்பாலும் இருந்ததில்லை.

உடப்புசல்லாவைக்கு அயலான வலப்பனையில் இத்துன்பம் மற்றொரு வடிவிலும் வந்தது. 1880-ஆம் ஆண்டுகளில், நெல்வரி செலுத்த இயலாத குடியானவரின் வயல்கள் ஏலத்தில் விற்கப்பட்டன. பலர் தம் குடியிருப்பை விட்டு அகன்றனர். நுவரெலியாவில் உதவி அரசாங்க அதிபராகக் கடமையாற்றிய லெ மெசூரியர் என்பவரே இவ்வெளியேற்றங்களையும் அவற்றைத் தொடர்ந்த பசியையும் அரசாங்கத்தின் கவனத்துக்குக் கொண்டுவந்தார். நுவரெலியா மாவட்டத்தைப் பற்றி 1893-ஆம் ஆண்டில் வெளிவந்த கைந்நூலை எழுதியவரும் அவரே. 1892-இல் தேசாதிபதி ஹவ்லொக் காலத்தில் நெல்வரி ஒழிக்கப்பட்டது. பின்னாளில் லெ மெசூரியர் அரசாங்கச் சேவையினின்று நீங்கி, கிராமத்தவரிடமிருந்து அவர்கள் உரிமை கோரிய காணிகளை விலைக்கு வாங்கி, அவை முடிக்குரியன அல்ல என்று அரசாங்கத்தோடு வழக்காடலானார். குடியானவனின் வாய்மொழி உரிமையும், சட்டம் அறிந்த ஒருவனின் கைக்கு வந்தால், நீதிமன்றத்தில் அரசை இடர்ப்படுத்த வல்லது என்பது அப்போது புலனாயிற்று.

இத்தகைய வழக்குகள் பெருகிய காலத்தில், 1897-ஆம் ஆண்டின் முதலாம் இலக்கத் தரிசுநிலக் கட்டளைச் சட்டம் பிறந்தது. ஒரு நிலம் தரிசென்று தோன்றினால் அரசாங்கம் அறிவித்தல் வெளியிடும். மூன்று மாதத்துக்குள் உரிமை கோருவோர் முன்வர வேண்டும். ஒருவரும் வாராவிடின் அது முடிக்குரியதாக முடிவு செய்யப்படும். எழுத்தறியாக் கிராமத்தில் ஒட்டப்பட்ட அறிவித்தலுக்கு மூன்று மாத மௌனமே பதிலாக அமைந்தால், முப்பது ஆண்டு ஆட்சியும் அம்மௌனத்தில் மூழ்கிவிடும். 1931-ஆம் ஆண்டின் காணி நிர்ணயக் கட்டளைச் சட்டம் இம்முறையைச் சீர்செய்து தொடர்ந்தது.

இதுவரை கூறியது கிராமத்துக் குடியானவனின் நிலை. லயனில் வாழ்ந்த தொழிலாளியின் நிலையோ இதனினும் சிக்கலானது. தமிழகத்தின் திருச்சிராப்பள்ளி, சேலம், புதுக்கோட்டை முதலிய பகுதிகளிலிருந்து வந்தோரின் வழித்தோன்றல்கள் பத்துக்குப் பன்னிரண்டடி அறையில் பிறந்தனர், மணந்தனர், மூத்தனர், மறைந்தனர். ஆனால் அவ்வறையில் அவர்கள் எத்தனை ஆண்டு வாழ்ந்தாலும் ஆட்சியுரிமைச் சட்டம் அவர்களுக்கு உதவாது. ஏனெனில் உரிமையாக முதிரும் ஆட்சி, பிறன் உரிமையை ஏற்காது தன்னுடையதென்று கொண்டு ஆளும் ஆட்சியாக இருக்க வேண்டும். தோட்டத்துரை வேலையோடு கொடுத்த அறையில் இருப்பது அனுமதியால் இருப்பது. அனுமதியால் இருப்பவனின் ஆண்டுகள் நூறாயினும், சட்டத்தின் கண்ணுக்கு அவை ஒரு நாளுக்குச் சமம். அத்துமீறிப் புகுந்தவனுக்கு ஆண்டுகள் துணை நின்றன. அழைத்து வரப்பட்டவனுக்கு அவை துணை நிற்கவில்லை. சட்டத்தின் விசித்திரங்களுள் இதற்கு நிகரானது அரிது.

பாக்குநீரிணைக்கு அப்பால் இருந்த அவர்தம் உறவினரின் நிலையோடு இதனை ஒப்பிடலாம். சென்னை மாகாணத்தில் 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டம் புறம்போக்கு நிலத்தில் குடியிருந்தவன் மீது தண்டத்தீர்வை விதித்தது, வெளியேற்றவும் இடமளித்தது. ஆனால் அத்தீர்வைக்கென வந்த சீட்டே, பின்னர் பட்டா வேண்டி மனுச் செய்யும்போது, அவன் அங்கே இன்ன ஆண்டு முதல் இருந்தான் என்பதற்கு அத்தாட்சியாயிற்று. தண்டிக்க வந்த தாளும் ஒருவகையில் காக்கும் தாளாயிற்று. தோட்டத் தொழிலாளிக்கு அத்தகைய தாளும் இல்லை. அவன் அறிந்த முதல் தாள் "துண்டு". அது அவன் கடனைக் குறித்தது. அதனைத் தீர்ப்பவரிடமே அவன் வேலைக்குப் போகலாம். அம்முறை 1921-இல் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. அவன் அறிந்த மற்றொரு தாள் பற்றுச்சீட்டு. அது கையில் கிடைத்தால் வேலையும் போயிற்று, அறையும் போயிற்று. செக்ரோலில் அவன் பெயர் நாள்தோறும் எழுதப்பட்டது. அது அவன் உழைத்த நாளுக்குச் சாட்சியேயன்றி, வாழ்ந்த வீட்டுக்குச் சாட்சியன்று.

இந்நிலையில் நாட்டின் காணிக் கொள்கை மாறத் தொடங்கிற்று. 1927-இல் அமைக்கப்பட்ட காணி ஆணைக்குழுவின் ஆய்வைத் தொடர்ந்து, விவசாய அமைச்சர் டி. எஸ். சேனநாயக்காவின் முயற்சியால், 1935-ஆம் ஆண்டின் 19-ஆம் இலக்கக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டம் நிறைவேறியது. முடிக்குரிய காணியை அதிக விலை கொடுப்போனுக்கு விற்கும் பழைய முறைக்கு மாற்றாக, நிலமற்ற குடியானவனுக்கு முதலில் அனுமதிப்பத்திரமும், நிபந்தனைகளை நிறைவேற்றிய பின் அளிப்பும் வழங்கும் முறை வந்தது. பெற்றவன் அதனைத் தன் விருப்பம்போல் விற்க இயலாது. கடன்காரன் கவர்ந்துகொள்ள இயலாது. ஒரு நூற்றாண்டாகச் சேனையையும் காட்டையும் இழந்து நின்ற கண்டிக் குடியானவனுக்கு இது நெடுநாள் தாமதித்து வந்த நீதி. அக்குடியானவனின் துயரை 1951-இல் வெளிவந்த கண்டிக் குடியானவர் ஆணைக்குழுவின் அறிக்கை விரிவாக எடுத்துரைத்தது.

ஆனால் கிராமங்களை விரிவாக்கப் புதிய காடு எங்கே? மலைநாட்டில் காடு முன்னரே தோட்டமாகிவிட்டது. ஆகவே அரசாங்கம் தோட்டங்களையே மீண்டும் வாங்கிக் கிராமத்தவருக்குப் பங்கிட முற்பட்டது. அப்போதுதான் இருவர் துயரும் ஒரே நிலத்தில் மோதின. கிராமத்தவன் இழந்த நிலத்தில் தொழிலாளி பிறந்திருந்தான். இருவருள் எவரும் மற்றவரை இந்நிலைக்கு ஆளாக்கியவர் அல்லர்.

இம்மோதல் பேரளவில் வெளிப்பட்டது உடப்புசல்லாவையில் அன்று. கேகாலை மாவட்டத்து நேவ்ஸ்மியர்த் தோட்டத்தில். தொழிலாளர் நாவில் அதன் பெயர் உருளவள்ளி. கிராம விரிவாக்கத்துக்கென அரசாங்கம் அத்தோட்டத்தைச் சுவீகரித்தது. அங்கே வாழ்ந்த நூற்றுக்கணக்கான இந்திய வம்சாவளித் தொழிலாளருக்கு வெளியேறும்படி அறிவித்தல் கொடுக்கப்பட்டது. அவர்கள் மறுத்தனர். 1946-இல் இலங்கை இந்தியக் காங்கிரசின் தலைமையில் எழுந்த வேலைநிறுத்தம் அத்தோட்டத்தின் எல்லையைத் தாண்டி அயல் வட்டாரங்களிலும் பரவியது. மறுத்தவர்கள் மீது குற்றவியல் அத்துமீறல் என்ற குற்றச்சாட்டு நீதவான் முன் கொண்டுவரப்பட்டது. தாம் பிறந்த அறையில் தங்கியிருந்ததே அவர்கள் செய்த குற்றம்.

கீழ் நீதிமன்றத்தில் குற்றத்தீர்ப்பு வந்தது. மேன்முறையீடு படிப்படியாக ஏறி, இறுதியில் இலண்டனிலுள்ள கோமறைக் கழகத்தை அடைந்தது. "செல்வநாயகம் எதிர் மன்னர்" என்ற பெயரில் சட்ட அறிக்கைகளில் பதிவான அவ்வழக்கில் மேன்முறையீட்டாளர் ஒரு தோட்டத் தொழிலாளி. பின்னாளில் தமிழரசுக் கட்சியைத் தலைமையேற்று நடத்திய தலைவரோடு பெயரொற்றுமையால் மயங்கலாகாது. 1950-இல் கோமறைக் கழகம் வழங்கிய தீர்ப்பின் சாரம் வருமாறு: அத்துமீறல் ஒவ்வொன்றும் குற்றமாகிவிடாது. பிறரைத் தொல்லைப்படுத்துதல், அச்சுறுத்துதல், அவமதித்தல் அல்லது வேறொரு குற்றம் புரிதல் என்ற நோக்கம் நிறுவப்பட்டாலன்றிக் குற்றவியல் அத்துமீறல் இல்லை. ஒரு செயலால் பிறருக்குத் தொல்லை விளையும் என்று முன்னறிவது வேறு. தொல்லை விளைக்கவே அதனைச் செய்வது வேறு. தனக்கு உரிமை உண்டென்று மெய்யாக நம்பி ஒருவன் நிலத்தில் இருந்தால், அந்நம்பிக்கை சட்டத்தில் எவ்வளவு நலிந்ததாயினும், அதனால் அவன் குற்றவாளியாகான். இத்தொழிலாளியின் மேலோங்கிய நோக்கம் தன் வீட்டில் தொடர்ந்து இருப்பதேயன்றி வேறன்று.

இத்தீர்ப்பின் பெருமை சிறிதன்று. பேரரசின் உச்ச மன்றம், ஒரு லயன் அறையை அதில் வாழ்ந்தவனின் வீடு என்று கண்டது. இலங்கைத் தண்டனைச் சட்டக் கோவை இந்தியக் கோவையின் வழிவந்ததாகையால், இதன் ஒலி இந்தியாவிலும் கேட்டது. 1964-இல் இந்தியாவின் உச்ச நீதிமன்றமும், தொல்லை விளையும் என்ற அறிவு மட்டும் போதாது, அதுவே நோக்கமாக இருத்தல் வேண்டும் என்னும் முடிவுக்கே வந்தது.

ஆனால் தீர்ப்பு கூறாது விட்டதும் ஒன்றுண்டு. தொழிலாளிக்கு அக்காணியில் உரிமை உண்டென்று அது கூறவில்லை. கூற வேண்டிய வினாவும் அதன் முன் இருக்கவில்லை. அவன் குற்றவாளியல்லன் என்றதே தீர்ப்பு. குற்றவாளி அல்லாதிருத்தலுக்கும் உரிமையாளனாய் இருத்தலுக்கும் இடையே ஒரு பெரும் வெளி இருக்கிறது. 1950-க்குப் பின்வந்த மலைநாட்டுக் காணி வரலாறு முழுவதும் அந்த வெளியிலேயே நடந்தது எனலாம்.

அவ்வெளியை மேலும் அகலச் செய்தது குடியுரிமைச் சிக்கல். 1948-ஆம் ஆண்டின் 18-ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டமும், 1949-ஆம் ஆண்டின் இந்திய பாகிஸ்தானிய வதிவாளர் சட்டமும் தோட்டத் தொழிலாளருள் பெரும்பாலோரை நாடற்றவராக்கின. 1964 அக்டோபர் 30-இல் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி உடன்படிக்கை, 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதென்றும், எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் முடிவு செய்வதென்றும் வகுத்தது. 1974-இல் அவ்வெஞ்சியோர் சரிபாதியாகப் பங்கிடப்பட்டனர். நாடு எது என்பதே தீராத ஒருவன், காணி எது என்று எவ்வாறு வழக்காடுவான்? அவன் ஆண்டுகளைக் கணக்கிடத் தொடங்கும் முன்னரே, அவன் யார் என்பதற்கான பத்திரம் கேட்கப்பட்டது. நாடற்றோர் நிலைக்குப் பெரிதும் முடிவு கட்டிய குடியுரிமைச் சட்டம் 2003-ஆம் ஆண்டிலேயே நிறைவேறியது.

இடையில் ஒரு சிறு கேடயம் கிடைத்தது. 1971-ஆம் ஆண்டின் 2-ஆம் இலக்கத் தோட்டக் குடியிருப்புகள் சட்டம், வேலை நீக்கப்பட்ட தொழிலாளியையும் அவனைச் சார்ந்தோரையும் நீதிமன்றக் கட்டளையாலன்றி வீட்டிலிருந்து வெளியேற்ற இயலாதென்று விதித்தது. பற்றுச்சீட்டோடு அறையும் போகும் பழைய வழக்கத்துக்கு இது கடிவாளமிட்டது. ஆயினும் இதுவும் வெளியேற்றத்தைத் தாமதப்படுத்திய காப்பேயன்றி, உரிமை அன்று.

அடுத்த ஆண்டில் காணிச் சீர்திருத்தச் சட்டம் வந்தது. தனியொருவர் வைத்திருக்கும் நெற்காணிக்கு 25 ஏக்கரும், ஏனைய காணிக்கு 50 ஏக்கரும் உச்சவரம்பாயின. 1975-இல் கம்பனித் தோட்டங்களும் அரசுடைமையாயின. முன்னொரு காலத்தில் ஷில்லிங் கணக்கில் அரசு விற்ற மலைநிலம் மீண்டும் அரசிடமே வந்தது. அரசு விற்றது, துரைமார் ஆண்டனர், கம்பனிகள் ஆண்டன, அரசு மீட்டது. இத்தனை மாற்றத்திலும் அந்நிலத்தை விட்டு அகலாது நின்றவன் தொழிலாளி ஒருவனே. ஆனால் பங்கீட்டுப் பட்டியலில் அவன் பெயர் அரிதாகவே காணப்பட்டது. 1977-இல் நுவரெலியா மாவட்டத்தில் 7,000 ஏக்கர் தோட்டக் காணியைப் பிரித்தளிக்கும் முயற்சி எழுந்தபோது தொழிலாளர் கிளர்ந்தெழுந்தனர். அவ்வாண்டு மே மாதம் 11-ஆம் நாள் டெவன் தோட்டத்தில் சிவனு லெட்சுமணன் என்னும் இளைஞர் பொலிசாரின் துப்பாக்கிச் சூட்டுக்குப் பலியானார். அவர் நினைவு மலையகத்தில் இன்றும் போற்றப்படுகிறது.

1979-ஆம் ஆண்டின் 7-ஆம் இலக்க அரச காணிகள் ஆட்சி மீட்புச் சட்டம் பத்திரத்தின் வலிமையை உச்சத்துக்கு உயர்த்தியது. தகுதிவாய்ந்த அதிகாரி வெளியேறும் அறிவித்தல் விடுப்பார். அதற்கு முப்பது நாள்களேனும் தவணை உண்டு. வெளியேறாவிடின் நீதவானிடம் மனுச் செய்வார். குடியிருப்பவன் அங்கே கூறத்தக்க எதிர்வாதம் ஒன்றே: அரசின் செல்லுபடியான அனுமதிப்பத்திரமோ எழுத்திலான அதிகாரமோ தன்னிடம் உண்டு என்பது. எத்தனை ஆண்டு இருந்தான், என்ன பயிர் வைத்தான், எந்த அறையில் பிறந்தான் என்பவை அவ்விசாரணைக்குப் பொருளல்ல. நீதவானின் வெளியேற்றக் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடும் இல்லை. மீளாய்வு, எழுத்தாணை போன்ற உயர்மன்ற வழிகளையே நாட வேண்டும். பொதுச் சொத்தைக் கவர்வோரிடமிருந்து காக்க இத்தகைய விரைவு முறை வேண்டும் என்பார் கூற்றிலும் உண்மை உண்டு. ஆற்றங்கரையையும் காட்டையும் வளைத்துக்கொள்ளும் செல்வனும் "நெடுங்காலம் இருந்தேன்" என்றே வாதிடுவான். எனினும் பேராசையால் வளைத்தவனையும், வேறிடம் இன்றி வாழ்ந்தவனையும் ஒரே வினாவால் அளக்கும் சட்டம் இருவருக்கும் ஒரே விடையைத்தானே தரும்? 1840-ஆம் ஆண்டுச் சட்டம்கூட உழைத்துத் திருத்தியவனுக்கு எட்டாம் பிரிவு என்ற ஒரு வாயிலைத் திறந்து வைத்திருந்தது.

1992-இல் தோட்டங்களின் நிருவாகம் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளிடம் ஒப்படைக்கப்பட்டது. பின்னர் நீண்டகாலக் குத்தகை உறுதிகள் எழுதப்பட்டன. நிலம் அரசினுடையது, பயன்பாடு கம்பனியுடையது, குடியிருப்பு தொழிலாளியுடையது. ஒரு வீடு கட்டுவதற்கு நிலம் ஒதுக்கவும் குத்தகையிலிருந்து அத்துண்டை விடுவிக்க வேண்டியதாயிற்று. இந்நிலையில் குடும்பத்துக்கு ஏழு பேர்ச் என்ற திட்டம் படிப்படியாக உருப்பெற்றது. ஒரு ஏக்கர் 160 பேர்ச்சாகும். ஏழு பேர்ச் என்பது ஏறத்தாழ 1,900 சதுர அடி. இந்திய அரசின் உதவியுடன் முதலில் 4,000 வீடுகளுக்கான பணி தொடங்கியது. 2017 மே மாதம் நோர்வூட்டில் இந்தியப் பிரதமர் மோடி மேலும் 10,000 வீடுகளை அறிவித்தார். 2018-இல் 32-ஆம் இலக்கச் சட்டத்தால் பெருந்தோட்டப் பிராந்தியத்துக்கான புதிய கிராமங்கள் அபிவிருத்தி அதிகாரசபை நிறுவப்பட்டது. தோட்டத்தைக் "கிராமம்" என்று சட்டம் அழைத்ததே ஒரு பெரிய மாற்றம்.

எனினும் வீடு எழும்புவதும் உறுதி எழுதப்படுவதும் ஒன்றல்ல. வீடு கிடைத்தும், பதிவுசெய்யப்பட்ட உறுதிக்குப் பல குடும்பங்கள் ஆண்டுக்கணக்கில் காத்திருக்க நேர்ந்தது. உறுதி இல்லாத வீட்டை ஈடுவைத்துப் பிள்ளையின் கல்விக்கு வங்கியில் கடன் பெற இயலாது. மூத்தவர் மறைந்தபின் அது யாரைச் சேரும் என்பதும் தெளிவில்லை. பெரும்பாலும் கொழுந்து கொய்து குடும்பத்தைத் தாங்குபவள் பெண். உறுதியில் அவள் பெயரும் இடம்பெறுதல் வேண்டும். 1935-ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திச் சட்டத்தின் வாரிசு வரிசையில் ஆணுக்கு இருந்த முந்துரிமை 2022-ஆம் ஆண்டுத் திருத்தத்தாலேயே நீக்கப்பட்டது என்பதை இங்கு நினைவுகூர்தல் தகும்.

இவ்வரலாறு அனைத்தையும் தொகுத்து நோக்கின் ஓர் உண்மை விளங்கும். காணி வழக்குகளில் தோற்றவர்கள் நிலத்தோடு தொடர்பற்றவர்கள் அல்லர். நிலத்தோடு மிக நெருங்கியிருந்தும், அந்நெருக்கத்தை எழுத்தில் ஏற்ற வழியில்லாதவர்கள். வலப்பனையின் சேனைக்காரனுக்கும் உருளவள்ளியின் லயன்வாசிக்கும் இடையே மொழியும் சமயமும் வேறு. அவர்களைச் சட்டம் கேட்ட வினா ஒன்றே. ஆகவே ஒருவனின் குறையைத் தீர்க்க மற்றவனை வெளியேற்றுவது தீர்வாகாது. இருவரின் ஆண்டுகளையும் எழுத்தில் ஏற்றுவதே தீர்வு.

உடப்புசல்லாவையின் சரிவுகளில் தேயிலைச் செடிகள் பல இன்றைய தொழிலாளரின் பாட்டன்மார் நட்டவை. திருத்தப்பட்ட நிலத்தின் பெறுமதியில் ஒரு பாதி உழைத்தவனுக்கு உரியது என்று 1840-இலேயே ஒரு சட்டம் ஒப்புக்கொண்டது. லயன் அறையும் ஒரு வீடே என்று 1950-இல் ஒரு தீர்ப்பு ஒப்புக்கொண்டது. இவ்விரண்டு ஒப்புதல்களையும் ஒன்றாக இணைத்து, குடும்பம் ஒவ்வொன்றின் கையிலும் பதிவுசெய்யப்பட்ட உறுதியாக வைப்பதே எஞ்சியுள்ள பணி. ஏழு பேர்ச் நிலம் பெரிதன்று. ஆனால் தலைமுறைகள் கேட்டுக் காத்திருந்த விடை அதில் அடங்கியிருக்கிறது.